கால்பந்தாட்டமும் வாழ்க்கைப்பாடும்

(ஆத்தூரில் நிகழ்ந்த நம் சங்க ஆண்டுக் கூட்டத்திற் பேசியது)



பந்தாட்டத்திற் சிறந்து விளங்கும் மாணவர் ஒருவர்க்குப் பூட்ஸுக்கும் வெளியூர்ப் பயணத்திற்கும் நம் கல்வி நிதியினின்று பொருள் உதவுதல் தகுமா என்னும் வினா எழுந்துள்ளது. "பந்தை உதைத்தாற் சோறு வருமா?" என்று பெரியோர் சிலர் கேட்கின்றனர். அதனை நகையாடுதல் நம் கருத்தன்று. கொடிக்காலில் வெற்றிலை கிள்ளிப் பிள்ளையைப் படிக்கவைக்கும் தந்தைக்கு அங்ஙனங் கேட்க முழு உரிமையுண்டு. ஆதலின், ஆட்டத்தையே தொழிலாகக் கொண்டு ஓய்வுற்ற ஒருவருடைய வரலாற்றை இங்கே ஆராயப் புகுகின்றோம். அவர் கேரளத்துத் திருச்சூர் ஐ. எம். விஜயன். 2006-இல் வந்த 'திமிரு' படத்தில் நடித்தவர் என்றால் இளைஞர்கள் உடனே அறிவர்; நமக்கு வேண்டுவது அந்த வேடமன்று.

அவர் 1969-இல் வறிய குடியிற் பிறந்தவர். திருச்சூர் நகராட்சி மைதானத்தில் ஆட்டம் காண வருவோர்க்குச் சிறுவயதிற் சோடா விற்றார். புட்டி ஒன்றுக்குக் கிடைத்தது பத்துக் காசு. 1987-இல் கேரளப் போலீஸ் அணி அவரைச் சேர்த்துக்கொண்டது. அவ்வணி 1990-இல் பெடரேஷன் கோப்பையை வென்றதும் திருச்சூரிலேயே.

பின்னர்க் கல்கத்தாவின் மோகன் பகான் அவரை அழைத்தது. வங்காளத்தார் அவர்க்கு இட்ட பெயர் 'காலோ ஹரிண்'. கருமான் என்பது பொருள். பழந்தமிழில் இரலை என்றும், நம் பக்கத்தில் வெளிமான் என்றும் வழங்குவது அவ்வினமே. வல்லநாட்டு மலையில் அது துள்ளி, நின்று, எதிர்பாராத் திசையில் திரும்பி ஓடுவதைக் கண்டவர்க்கு அப்பெயரின் பொருத்தம் விளங்கும். முன்னணி ஆட்டக்காரனுக்கு வேண்டுவது வெறும் விரைவன்று. காவலன் எத்திசையிற் காலூன்றினான் என்று கண்டு மறுதிசையிற் செல்லும் அறிவே. 1999-இல் காத்மாண்டுவில் பூட்டானுக்கு எதிராக ஆட்டந் தொடங்கிய பன்னிரண்டாம் நொடியில் அவர் கோல் போட்டார்.

பஞ்சாபின் ஜே.சி.டி. மில் அணி, தேசிய லீகின் முதற் பட்டத்தை 1996-97-இல் வென்றபோது அவரும் பூட்டியாவும் அதன் முன்னணியில் நின்றனர். அடுத்து அவர் சேர்ந்தது அவ்வாண்டே தோன்றிய எப்.சி. கொச்சின். 1997-இலேயே டியூராண்டு கோப்பையை வென்ற அக்கழகம், பொருள் முட்டுப்பாட்டால் ஐந்தாறு ஆண்டுகளில் மறைந்தது. ஊரூராய் அணி மாறி, 2006 அளவில் அவர் ஆட்டத்தை விட்டார். மும்முறை நாட்டின் சிறந்த ஆட்டக்காரர் எனத் தேர்ந்தெடுக்கப்பட்டவர் நிலை இது! குற்றம் ஆட்டத்தினதன்று, வேரூன்றாமற் பூக்க விரும்பிய கழகத்தாரதே என்போம்.

முத்துக்குளிப்போன் கடலில் மூழ்குங்கால் கயிற்றின் மறுநுனி படகில் ஒருவன் கையில் இருக்கும். விஜயனுக்குப் போலீஸ் வேலை அக்கயிறு. இடையில் அதனை விட்டகன்றவரைப் போலீஸார் மீண்டும் சேர்த்துக்கொண்டனர். 2025 ஏப்ரலில் அங்கிருந்தே ஓய்வு பெற்றார். அவ்வாண்டே பத்மஸ்ரீயும் கிடைத்தது. ஆனால் விட்ட கயிறு எல்லோர்க்கும் திரும்பக் கிட்டாது. அவர்க்குக் கிட்டியது புகழால். சென்னையின் சபீர் பாஷாவைப் பாருங்கள். அவரும் நாட்டிற்காக ஆடிய முன்னணி வீரரே. இந்தியன் வங்கி அணியிலேயே நெடுங்காலம் நிலைத்து, பின்பு பயிற்றுநரானார். பெற்றோர்க்கு நாம் காட்டும் வழி இரண்டாவதே.

இனி நம் மாணவர். அண்மையிலுள்ள காயல்பட்டினத்தில் அகில இந்தியப் போட்டிக்கு வெளிமாநில அணிகள் வருவதை ஆண்டுதோறும் கண்டு வளர்ந்தவர் அவர். பத்தாம் வகுப்பிற் பயில்கின்றார். கணக்கிற் சற்றுத் தளர்வு. பள்ளியிறுதித் தேர்வின்றிப் போலீஸிலோ இரயில்வேயிலோ விளையாட்டு ஒதுக்கீட்டு வேலைக்கு மனுச் செய்யவும் இயலாது. ஆகவே பூட்ஸுக்கும் பயணத்திற்கும் பொருள் கொடுக்க; மாலை ஆட்டம் முடிந்தபின் வாரம் மூன்று நாள் நம் வீட்டிற்குக் கணக்குப் படிக்க அவரை அனுப்புக. ஊதியம் வேண்டோம். அடுத்த செயற்குழுவில் அவர் விண்ணப்பம் வருமென அறிகின்றோம். நம் வாக்கு அவர்க்கே.