ஆட்கொணர்வு மனு: யார் கையில், யாருக்காக?



திருக்கோஷ்டியூர் மேடையில் ஏறுகிறவர்கள் இராமானுசர் கோபுரம் ஏறிய கதையைச் சொல்லாமல் இறங்குவதில்லை. மறைவாகக் கற்ற மந்திரத்தை ஊருக்கே உரக்கச் சொன்னார் என்பது கதை. மந்திரம் எல்லோருக்கும் கிடைத்தது; பெண் கொடுப்பதும் எடுப்பதும் மட்டும் அவரவர் தெருவோடு நின்றுகொண்டது. அகமணமே சாதியின் உயிர்நாடி என்று அம்பேத்கர் 1916இல் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் விளக்கினார். அந்த வேலியைத் தாண்டிய பெண்ணைத் திருப்பிக் கொண்டுவர, அரிவாளுக்கு முன்பாகக் கையில் எடுக்கப்படும் ஆட்கொணர்வு மனுவைப் பற்றித்தான் இன்று பேச வந்திருக்கிறேன்.

சட்டவிரோதமாக அடைத்து வைக்கப்பட்டவரைத் தன் முன் நிறுத்தச் சொல்லி உயர் நீதிமன்றத்தைக் கேட்பது இந்த மனு. நம் மாவட்டத்துக்கு மதுரைக் கிளை. போலீஸ் பிடித்துப்போன பிள்ளையைத் தேடும் தகப்பனுக்கு இதுதான் கடைசி வழி. 1977இல் ஈச்சர வாரியர் கேரள உயர் நீதிமன்றத்தில் இந்த மனுவைப் போட்டதால்தான், நெருக்கடிநிலைக் காலத்தில் போலீஸ் கொண்டுபோன அவர் மகன் ராஜன் காவலில் இறந்தது வெளியே வந்தது. முதல்வர் கருணாகரன் பதவி விலக நேர்ந்தது.

நாற்பது ஆண்டு கழித்து அதே நீதிமன்றத்தில் இன்னொரு தகப்பனின் மனு. மகள் ஹாதியா வயது வந்தவர். தானே மதம் மாறித் தானே மணம் முடித்தவர். 2017 மே மாதம் நீதிமன்றம் அந்தத் திருமணத்தையே செல்லாது என்று சொல்லி அவரைப் பெற்றோர் வீட்டுக்கு அனுப்பியது. பூட்டைத் திறக்க வேண்டிய மனு, வெளியே இருந்தவரைப் பூட்டியது. 2018 மார்ச் 8 அன்று உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை ரத்து செய்தது. ஆனால் பல மாதங்கள் அவர் அந்த வீட்டுக்குள் இருந்து முடித்திருந்தார்.

நமக்கு நெருக்கமான காயம் தருமபுரி. தலித் இளைஞர் இளவரசன் 2012இல் வன்னியப் பெண்ணை மணந்தார். நவம்பர் 7 அன்று பெண்ணின் தகப்பனார் தற்கொலை செய்துகொண்டார். அன்றே நத்தம், கொண்டம்பட்டி, அண்ணா நகர் மூன்றும் எரிந்தன. 200க்கும் மேற்பட்ட வீடுகள். பெண்ணின் தாய் சென்னை உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு போட்டார். விருப்பப்பட்டே வந்தேன் என்று முதலில் சொன்ன பெண், 2013 ஜூனில் தாயுடன் போனார். ஜூலை 3 அன்று, இனி இளவரசனுடன் வாழப்போவதில்லை என்றார். மறுநாள் தண்டவாளத்தருகே இளவரசனின் உடல் கிடந்தது.

அந்தப் பெண்ணைக் குறை சொல்ல எனக்கு மனமில்லை. "யாரோடு போகிறாய்?" என்று நீதிமன்றம் கேட்கிறது. கேட்பது சரிதான். செத்துப்போன தகப்பனும் எரிந்த மூன்று ஊர்களும் அழுதுகொண்டிருக்கும் தாயும் எதிரே நிற்கும்போது அந்தக் கேள்விக்கு வரும் பதில் எவ்வளவு சுதந்திரமானது? சட்டம் பதிலைப் பதிவு செய்துகொள்கிறது. பதில் எப்படி உருவானது என்று விசாரிப்பது சமூகவியல்காரர்கள் வேலை போலிருக்கிறது.

இளவரசனுக்கு 21 நிறையவில்லை என்பதையும் அன்று பெரிதாகப் பேசினார்கள். ஆணுக்குத் திருமண வயது ஆகாவிட்டாலும், 18 நிறைந்த இருவர் சேர்ந்து வாழலாம் என்று 2018 ஏப்ரலில் நந்தகுமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அதுவும் ஒரு தகப்பனின் ஆட்கொணர்வு மனுவில் தொடங்கிய வழக்குதான்.

இந்த மனு அவர்களுக்கு மட்டும் உரியதல்ல. வயது வந்த பெண்ணை வீட்டில் பூட்டிவைத்தால் கணவனோ காதலனோ தோழியோ இதே மனுவைப் போடலாம். 2024 மார்ச் 11 அன்று தேவு நாயர் வழக்கில் உச்ச நீதிமன்றம் வழிகாட்டுதல்கள் தந்திருக்கிறது: இணையரோ நண்பரோ போடும் மனுவுக்கு முன்னுரிமை தர வேண்டும், பெண்ணின் மனதை மாற்றுவதற்காக ஆலோசனைக்கு அனுப்பக் கூடாது, வீட்டார் நெருக்குதல் இல்லாமல் தனியே கேட்க வேண்டும். மதுரைக்குப் போகும்போது பெண்ணின் வயதுச் சான்றின் நகலையும் அவள் அனுப்பிய குறுஞ்செய்திகளையும் எடுத்துப் போங்கள். பெற்றோர் இல்லாத அறையில் நீதிபதியே அவளிடம் பேச வேண்டும் என்ற கோரிக்கையை, முதல் விசாரணை நாளிலேயே வழக்கறிஞரை விட்டுச் சொல்லச் சொல்லுங்கள்.