பன்னாட்டு ஓட்டுநர் அனுமதிச் சீட்டு: சபர் செய்வோர் கவனத்திற்கு

(வெளிநாடு செல்லவிருக்கும் ஜமாஅத்தினருக்கான வழிகாட்டுதல் கூட்டத்தில், இஷா தொழுகைக்குப் பின் பள்ளிவாசல் வளாகத்தில் ஆற்றப்பட்ட உரையின் எழுத்து வடிவம்)

பிஸ்மில்லாஹ்.

  

நம் கே.கே. நகரில் விமானத்தின் ஓசை கேளாத நாள் இல்லை. சிங்கப்பூர், கோலாலம்பூர், கொழும்பு, துபாய் என்று திருச்சியிலிருந்து புறப்படும் விமானங்களில் நம் மஹல்லாவாசிகள் ஏறாத விமானம் குறைவு. 2024ஆம் ஆண்டு ஜூன் மாதம் பயன்பாட்டுக்கு வந்த புதிய முனையத்தின் வாசலில் நின்று எத்தனையோ பேரை நாம் ஸலாம் கூறி வழியனுப்பியிருக்கிறோம். கடவுச்சீட்டு, விசா, பயணச்சீட்டு தொடங்கி ஊறுகாய்ப் புட்டியின் மூடி வரை பத்து முறை சரிபார்த்துச் செல்கின்றனர் நம் மக்கள். ஆனால் அங்கே வண்டி ஓட்ட நேர்ந்தால் என்ன காகிதம் வேண்டும் என்பதை மட்டும், போய்ப் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டுவிடுகின்றனர். அந்தக் காகிதத்தைப் பற்றிப் பேசுமாறு நிர்வாகக் குழு பணித்துள்ளது.

மக்கள் வழக்கில் இதனை 'இன்டர்நேஷனல் லைசென்ஸ்' என்று அழைக்கிறோம். அந்தப் பெயரே பாதிக் குழப்பத்திற்குக் காரணம் என்பது நம் கருத்து. அது உரிமம் அன்று. நம் நாட்டு உரிமத்தின் மொழிபெயர்ப்பும் சான்றுமாகிய ஒரு சிறு புத்தகம். அதனைத் தனியே காட்டினால் செல்லாது. நம் அசல் உரிமம் உடன் இருக்க வேண்டும். 1926ஆம் ஆண்டு பாரிசில் நாடுகள் கூடிச் செய்த உடன்படிக்கையில் இத்தகைய ஓட்டுநர் சீட்டு வகுக்கப்பட்டது. பின்னர் 1949ஆம் ஆண்டு ஜெனீவாவில் ஏற்பட்ட உடன்படிக்கையே இன்று நம் நாடு வழங்கும் சீட்டுக்கு அடிப்படை. கைக்கடக்கமான அளவு, சாம்பல் நிற அட்டை, கடைசிப் பக்கம் பிரெஞ்சு மொழியில் என்பதெல்லாம் அவ்வுடன்படிக்கையிலேயே எழுதப்பட்டுள்ளன. 2022ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் நடுவண் அரசு வெளியிட்ட அறிவிக்கையின்படி, நாடெங்கும் இச்சீட்டு ஒரே வடிவில், க்யூ.ஆர். குறியீட்டுடன் அமைய வேண்டும்.

இதன் ஆயுள் ஓராண்டு மட்டுமே. உள்நாட்டு உரிமம் அதற்கு முன் காலாவதியானால் சீட்டும் அன்றே முடியும். புதுப்பிக்க வழியில்லை, புதிதாகத்தான் பெற வேண்டும். இந்த 'ஓராண்டு' என்ற சொல்லை நினைவில் கொள்ளுங்கள். ஐந்தாண்டு செல்லும், பத்தாண்டு செல்லும் என்று கணினியில் விளம்பரம் செய்து, கடன் அட்டை எண்ணைக் கேட்டு, பளபளப்பான அட்டை ஒன்றை அனுப்பிவைக்கும் கூட்டம் உலகெங்கும் உண்டு. அது போலி என்பதை அறிய அந்தப் 'பத்தாண்டு' ஒன்றே போதும்.

பெறும் முறை கடினமானதன்று. 'சாரதி' இணையத்தளத்தில் 4ஏ படிவத்தின் வழி விண்ணப்பித்து, உரிமம், கடவுச்சீட்டு ஆகியவற்றின் நகல்களையும் புகைப்படத்தையும் சேர்க்க வேண்டும். நடுவண் அரசு விதித்துள்ள கட்டணம் 1000 ரூபாய். சிறு சேவைக் கட்டணங்கள் இதனுடன் சேரலாம். முன்பு விசாவும் மருத்துவச் சான்றும் கேட்கப்பட்டன. 2021ஆம் ஆண்டு ஜனவரி அறிவிக்கை அவ்விரண்டையும் நீக்கிவிட்டது. ஆகவே, விசா கைக்கு வரவில்லையே என்று காத்திருக்கத் தேவையில்லை. இதற்கென இடைத்தரகரிடம் மூவாயிரம், நாலாயிரம் கொடுப்பது வீண் விரயம். வீட்டுப் பிள்ளைகள் அரை மணி நேரத்தில் விண்ணப்பத்தை முடித்துக் கொடுப்பார்கள்.

சிக்கல் வருவது வேறிடத்தில். நம் மாவட்டத்தில் டி.என். 45, டி.என். 48, டி.என். 81 என்ற எண்களுடன் திருச்சி மேற்கு, ஸ்ரீரங்கம், திருச்சி கிழக்கு வட்டாரப் போக்குவரத்து அலுவலகங்கள் உள்ளன. ஆனால் கே.கே. நகரில் குடியேறியோரில் பலர் சொந்த ஊரில் உரிமம் எடுத்தவர்கள். முகவரி மாற்றம் செய்யாமலே இருபது ஆண்டுகள் கழித்தவர்களும் உண்டு. பழைய புத்தக வடிவ உரிமம் வைத்திருக்கும் பெரியவர்கள், அது சாரதி தளத்தில் ஏற்றப்பட்டுள்ளதா என்று முதலில் பார்க்க வேண்டும். இல்லையெனில் அந்தப் பதிவையே முதலில் செய்ய வேண்டியிருக்கும்.

அடுத்தது பெயர். இது நம் சமுதாயத்திற்கே உரிய தலைவலி. 'முஹம்மது' என்ற ஒரே பெயரை ஆங்கிலத்தில் நான்கைந்து விதமாக எழுதுகிறோம். உரிமத்தில் தலைப்பெழுத்தாக நிற்கும் தந்தையார் பெயர், கடவுச்சீட்டில் முழுப்பெயராக விரிந்து நிற்கும். வாடகைக் கார் நிறுவனத்தின் மேசையில் அமர்ந்திருப்பவருக்கு நம் தலைப்பெழுத்து மரபு தெரியாது. அவருக்கு இவர்கள் இரண்டு மனிதர்கள். பயணத்திற்குப் பல வாரங்கள் முன்பே இரு ஆவணங்களையும் அருகருகே வைத்து ஓர் எழுத்து விடாமல் ஒப்பிடுங்கள்.

சீட்டில் வாகனப் பிரிவுகளும் குறிக்கப்படும். 'ஏ' என்பது மோட்டார் சைக்கிள். 'பி' என்பது ஓட்டுநர் நீங்கலாக எட்டு இருக்கை வரையுள்ள கார். காருக்கு மட்டும் உரிமம் உள்ளவர் லங்காவியிலோ வேறு தீவிலோ ஸ்கூட்டர் வாடகைக்கு எடுத்தால், சீட்டு இருந்தும் அவர் உரிமமற்றவரே. அவ்வாறே, குடும்பத்தோடு செல்வோர் பன்னிரண்டு இருக்கை வேனை எடுத்துத் தாமே ஓட்டிச் செல்லலாம் என்று எண்ணுவது 'பி' பிரிவுக்குள் அடங்காது.

இனி, நாம் முதன்மையாகச் சொல்ல வந்ததற்கு வருகிறோம். இச்சீட்டு வருகையாளருக்கு உரியது. அங்கே குடியிருந்து பிழைப்பவருக்கு உரியதன்று. மகனைப் பார்க்க வருகை விசாவில் துபாய் செல்லும் தந்தை, நம் உரிமத்தையும் இச்சீட்டையும் வைத்துக்கொண்டு அங்கே வாடகைக் கார் ஓட்டலாம். அதே துபாயில் வேலை பார்க்கும் மகன் ஓட்ட முடியாது. குடியிருப்பு விசா பதிவான பின் அவர் அமீரக உரிமம் பெற்றாக வேண்டும். சில நாட்டினர் தம் உரிமத்தைக் காட்டி நேரடியாக மாற்றிக்கொள்ளலாம். அந்தப் பட்டியலில் இந்தியா இல்லை. சவூதியிலும் இக்காமா பெற்றுத் தங்குவோர் அந்நாட்டு உரிமமே எடுக்க வேண்டும். வருகை விசாவில் போய் அங்கேயே வேலை கிடைத்து விசா மாறுபவர்களே இதில் பெரும்பாலும் அகப்படுகின்றனர். பையில் இருக்கும் சீட்டில் இன்னும் எட்டு மாதம் மீதமிருக்கும். ஆனால் விசா மாறியதோடு அதன் பயன் முடிந்துவிட்டது என்பதை எவரும் அவருக்குச் சொல்லியிருக்க மாட்டார்கள்.

"ஹவுஸ் டிரைவர் விசா, ஊரிலேயே இன்டர்நேஷனல் எடுத்துக்கொண்டு போனால் போதும், இறங்கிய மறுநாளே வண்டி ஓட்டலாம்" என்று கூறும் முகவர்கள் இன்றும் உள்ளனர். நம் இளைஞர்கள் இதனை நம்ப வேண்டாம். அங்கே தேர்வுக்கும் பயிற்சிக்கும் ஆகும் செலவு யாருடையது, கஃபீலுடையதா உங்களுடையதா என்பதை இங்கிருக்கும்போதே எழுத்தில் கேட்டுப் பெறுங்கள். உரிமம் கிடைக்கும் வரை சாவியைக் கையில் கொடுத்தாலும் வாங்காதீர்கள்.

இவ்வளவு அழுத்திச் சொல்வதற்குக் காரணம் அபராதம் அன்று. அபராதமும் சிறிதன்று என்பது உண்மையே: 2025ஆம் ஆண்டு மார்ச் 29 முதல் நடைமுறையில் உள்ள அமீரகத்தின் புதிய போக்குவரத்துச் சட்டப்படி, அங்கே ஏற்கப்படாத வெளிநாட்டு உரிமத்தைக் கொண்டு முதன்முறை வண்டி ஓட்டி அகப்பட்டாலே 2000 முதல் 10,000 திர்ஹம் வரை அபராதம். ஆனால் ஓர் உயிர் போய்விட்டால் நேர்வதோடு ஒப்பிட்டால் அது பொருட்டே அல்ல. அமீரகச் சட்டத்தில் இறந்தவரின் வாரிசுகளுக்குரிய தியத் தொகை 2 லட்சம் திர்ஹம். நம் பணத்தில் ஏறத்தாழ அரைக் கோடி ரூபாய். சவூதியில் தவறுதலாக நேரும் மரணத்திற்கு ஒரு முஸ்லிம் ஆணின் தியத் 3 லட்சம் ரியால். சாதாரணமாக இதனைக் காப்பீட்டு நிறுவனம் செலுத்தும். ஓட்டியவர் செல்லுபடியாகும் உரிமம் இல்லாதவர் என்று தெரிந்தால், பாதிக்கப்பட்டோருக்குக் கொடுத்த தொகையை அவரிடமே திரும்பக் கேட்கும் உரிமை காப்பீட்டு நிறுவனத்திற்கு உண்டு. மாதம் 1500 ரியால் சம்பளக்காரர் இதனை எத்தனை ஆண்டுகளில் அடைப்பார் என்று கணக்கிட்டுப் பாருங்கள். அந்தக் கடன் அவரோடு நிற்காது. இங்கே வீட்டு மனைக்கும், மகளின் திருமணத்திற்கென வைத்த நகைக்கும் வந்து சேரும். அதன் பிறகு ஜும்ஆ முடிந்து பள்ளியின் வாசலில் துண்டேந்தி வசூல் செய்வது ஜமாஅத்தின் கடமையாகிறது. அதனைச் செய்ய நாம் தயங்கமாட்டோம். ஆனால் 1000 ரூபாய்க்கும் சில மாதப் பொறுமைக்கும் அடங்கியிருக்க வேண்டிய காரியம் அது.

மார்க்கத்தின் பார்வையில் இன்னும் ஒன்று உண்டு. அந்நிஸா அத்தியாயத்தின் 92ஆம் வசனம், தவறுதலாக நேரும் கொலைக்கு நஷ்டஈட்டோடு பரிகாரத்தையும் விதிக்கிறது. அடிமையை விடுவிக்க வழியற்றவர் இரண்டு மாதம் தொடர்ந்து நோன்பு நோற்க வேண்டும். ஓட்டுநரின் பிழையால் சாலையில் நேரும் மரணத்தை உலமாக்கள் இவ்வகையில் சேர்ப்பர். மேலும், விசா பெற்று ஒரு நாட்டுக்குள் நுழைபவர் அந்நாட்டுச் சட்டத்திற்குக் கட்டுப்படுவதாக ஒப்புக்கொண்டே நுழைகிறார். ஒப்பந்தங்களைப் பேணுமாறு அல்மாயிதா அத்தியாயம் தன் முதல் வசனத்திலேயே பணிக்கிறது. இதன் மஸாயில் குறித்த விளக்கங்களை இமாம் ஹஜ்ரத் அவர்களிடம் கேட்டுக்கொள்ள வேண்டுகிறோம்.

மற்ற நாடுகளைச் சுருக்கமாகக் கூறுவோம். சிங்கப்பூரில் நம் உரிமத்தோடு இச்சீட்டை வைத்து 12 மாதம் வரை ஓட்டலாம். அதற்கு மேல் தங்குவோர் அடிப்படைக் கோட்பாட்டுத் தேர்வில் தேறி, அந்நாட்டு உரிமமாக மாற்றிக்கொள்ள வேண்டும். இலங்கையில் நம் சீட்டு மட்டும் போதாது. அந்நாட்டின் அங்கீகாரம் பெற வேண்டும். 2025 ஆகஸ்டு முதல் கட்டுநாயக்க விமான நிலையத்திலேயே சுற்றுலாப் பயணிகளுக்குத் தற்காலிக உரிமம் வழங்க ஏற்பாடு செய்துள்ளனர். பிரிட்டனுக்குப் படிக்கச் செல்லும் பிள்ளைகள் நம் உரிமத்தைக் கொண்டே முதல் 12 மாதம் கார் ஓட்டலாம். அமெரிக்காவில் மாநிலத்திற்கு மாநிலம் விதி வேறு. ஜப்பான் 1949ஆம் ஆண்டு முறைச் சீட்டையே ஏற்கும். நம்முடையது அம்முறையே என்பதால் கவலையில்லை. சீனா எந்தப் பன்னாட்டுச் சீட்டையும் ஏற்பதில்லை.

சகோதரிகளுக்கு ஒரு செய்தி. சவூதியில் 2018ஆம் ஆண்டு ஜூன் 24 முதல் பெண்கள் வண்டி ஓட்ட அனுமதி உள்ளது. கணவரோடு வளைகுடாவில் குடியேறும் பெண்கள் இங்கேயே கார் ஓட்டக் கற்று உரிமம் எடுத்துச் செல்வது நன்று. அங்கே பிள்ளைகளைப் பள்ளிக்கூடம் அழைத்துச் செல்ல எவரையும் எதிர்பார்க்கத் தேவையிராது. அங்கே வண்டிகள் சாலையின் வலப்புறம் செல்லும், வட்டச் சந்திப்பில் இடப்புறமிருந்து வருபவருக்கு வழிவிட வேண்டும் என்பதையும் இரு பாலாரும் மனத்தில் இருத்துங்கள். ஸ்டீயரிங் இடப்பக்கம் இருக்கும் வண்டியில் முதல் வாரம் கை தானாக நம் ஊர்ப் பழக்கத்திற்கே போகும்.

இறுதியாக, நீண்ட நாள் சபரில் இருப்போருக்கு. அயல்நாட்டு உரிமம் கிடைத்துவிட்டது என்று நம் உள்நாட்டு உரிமத்தைக் கைவிட்டுவிடாதீர்கள். 2019ஆம் ஆண்டுச் சட்டத் திருத்தத்திற்குப் பின், 30 வயதுக்குட்பட்டவர் பெறும் உரிமம் 40 வயது வரை செல்லும். 30 முதல் 50 வயதுக்குள் பெறுவது பத்தாண்டு. 55 வயதைக் கடந்தோருக்கு ஐந்தாண்டு. காலாவதி நாளுக்கு ஓராண்டு முன்னும், ஓராண்டு பின்னும் புதுப்பிக்கலாம். அந்த ஓராண்டும் கழிந்தால் மீண்டும் ஓட்டிக் காட்டித் தேற வேண்டும். இரண்டாண்டுக்கு ஒருமுறை விடுமுறையில் வரும் சபுராளிகளுக்கு இக்கணக்கு தவறிவிட எளிது. ஆகவே தேதியை வீட்டுப் பெண்கள் நாட்காட்டியில் குறித்து வைப்பது நல்லது. வெளிநாட்டில் தங்கியிருக்கையில் பன்னாட்டுச் சீட்டு காலாவதியானால், அங்குள்ள இந்தியத் தூதரகத்தின் வழி விண்ணப்பிக்க 2021ஆம் ஆண்டு அறிவிக்கை வழி செய்திருக்கிறது. அவ்விண்ணப்பம் இங்குள்ள வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்திற்கே வந்து சேரும்.

உரிமத்தையும் கடவுச்சீட்டையும் இன்று கையோடு கொண்டு வந்துள்ளவர்கள் துஆவுக்குப் பின் முன் வரிசைக்கு வருக. பெயரின் எழுத்துகளையும் காலாவதித் தேதியையும் சேர்ந்து பார்த்துவிடுவோம். வஸ்ஸலாம்.