துண்டும் கழிவும்



திருப்பூர்த் தெருக்களில் 'பனியன் வேஸ்ட்' என்னும் பலகையைக் காணாதார் இலர். வேஸ்ட் என்பது வேண்டாப் பொருள் என ஆங்கில அகரமுதலி கூறும். வேண்டாப் பொருளுக்கு விலையேது? இங்கோ அது மூட்டை மூட்டையாக எடைபோட்டு விற்கப்படுகின்றது. வெள்ளைக்கு ஒரு விலை, நிறத்துணிக்கு வேறொரு விலை!

பின்னல் துணியை அடுக்கி, கை, கழுத்து, உடல் என அளவு பார்த்து வெட்டுங்கால் இடையிடையே சிறு துண்டுகள் எஞ்சும். பெண்கள் நிலத்தில் அமர்ந்து அவற்றை நிறம் நிறமாகப் பிரிப்பர். பெரிய துண்டுகள் பொறிகளின் எண்ணெய்ப் பிசுக்கைத் துடைக்கப் போகும். ஏனையவை பொறியிற் கிழிபட்டு மீண்டும் பஞ்சாகி, நூலாகி, போர்வையும் தரைவிரிப்புமாக மறுபிறப்பெய்தும். துண்டு முன்னரே சாயமேறியதாதலின், நிறம் பிரித்து நூற்ற நூலுக்குப் பெரும்பாலும் மறுசாயம் வேண்டுவதில்லை.

வேஸ்ட் என்பதோ, இலத்தீனில் வெறுமை, பாழ் எனப் பொருள்தரும் சொல்லினின்று பிறந்தது. ஆளற்ற நிலத்திற்குரிய சொல்லை, ஆள் உழைத்துப் பின்னிய துணியின்மேல் ஏற்றுவது என்ன பொருத்தம்? தமிழில் நிலம் கெட்டாற் பாழ், உழைப்புப் பயன் தராவிடில் வீண், நீக்கத்தக்கது கழிவு, அளவுக்கு மேற்பட்டது மிகை, எஞ்சி நிற்பது எச்சம். பறவையிடுவதும் எச்சமே, ஒருவர் விட்டுச்செல்லும் மக்களும் எச்சமே என்பது வேறு! வெட்டுத்துண்டு என்றும் வெட்டுத்துண்டே. செய்தித்தாள்கள் எழுதும் 'கழிவுப் பஞ்சு' கூடத் தமிழுடை உடுத்த ஆங்கிலந்தான்.

மெய்யான கழிவு நொய்யலில் ஓடியது. 1992இல் கட்டி முடிக்கப்பெற்ற ஒரத்துப்பாளையம் அணை, கழனிக்கு நீர் தருவதற்கு மாறாகச் சாயநீர் தேங்கும் குளமாயிற்று. நிலமும் கிணறும் உப்பேறின. 2011 சனவரியில் சென்னை உயர்முறைமன்றம் சாயப்பட்டறைகளை மூட ஆணையிட்டது. பின்னர், சாயநீரினின்று நீரையும் உப்பையும் மீட்டெடுக்கும் நிலையங்களோடு அவை திறக்கப்பட்டன. துண்டும் வேஸ்ட், நஞ்சும் வேஸ்ட் என்று ஒரே வாயாற் கூறுவார்க்கு, விற்கத்தக்கது எது, ஆற்றில் விடத்தகாதது எது என்னும் வேறுபாடு எங்ஙனம் புலப்படும்?

இன்று அச்சொல் மாந்தர்மேலும் ஏறிவிட்டது. தேர்வில் தவறிய மகனை 'வேஸ்ட்' என்று வைகின்றார் தந்தை. அவரே அன்று மாலை, வெட்டு மேடையின் கீழ்ச் சிதறிய துண்டுகளை ஒன்றுவிடாமற் கூட்டி அள்ளி மூட்டை கட்டுகின்றார்.