டங்கனை முழுமையாகப் பார்ப்போம்



திரைப்பட இயக்குநர் எல்லிஸ் ஆர். டங்கனைப் பற்றி மட்டுமே பேச ஒரு கருத்தரங்கம் தாம்பரத்தில் கூடியிருப்பதில் எனக்குப் பெரும் மகிழ்ச்சி. சென்னை கிறித்தவக் கல்லூரி நகருக்குள்ளிருந்து இந்த ஊருக்கு இடம் மாறிய 1937ஆம் ஆண்டில்தான் அவருடைய ‘அம்பிகாபதி’ வெளிவந்தது. மின்சார ரயில் ஓடத் தொடங்கி ஆறே ஆண்டுகள் ஆகியிருந்த தாம்பரம் அது.

அமெரிக்காவின் ஒஹையோ மாநிலத்தில் பிறந்த டங்கன், தென் கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தில் உடன் படித்த மாணிக்லால் டாண்டனோடு 1935இல் இந்தியா வந்தார். அடுத்த ஆண்டே ‘சதி லீலாவதி’ வந்தது. கதை எஸ்.எஸ். வாசனுடையது, எம்.ஜி.ஆருக்கு அதுதான் முதல் படம். சமூகக் கதை, காதல் காவியம், புராணம், பக்தி, ராஜா ராணிக் கதை என்று 1950 வரை அவர் தொடாத வகை குறைவு. போர்க்காலத்தில் அரசாங்கத்துக்காகச் செய்திப் படங்களும் எடுத்தார்.

தமிழே தெரியாத வெள்ளைக்காரர் தமிழ்ப் படம் எடுத்தாரே என்று வியப்பதோடு நம் பேச்சு பெரும்பாலும் நின்றுவிடுகிறது. இது என் நெடுநாள் மனக்குறை. அவர் எப்படி வேலை வாங்கினார் என்று கேட்கத் தொடங்கினால்தான் ஆய்வு நகரும். ‘அம்பிகாபதி’க்காக ஷேக்ஸ்பியரின் ‘ரோமியோ ஜூலியட்’டில் தமக்குப் பிடித்த காதல் வரிகளைக் குறித்து வசனகர்த்தா இளங்கோவனிடம் கொடுத்தார். இளங்கோவன் அவற்றைத் தம் தமிழில் எழுதித் தந்தார். வசனகர்த்தாவின் பெயருக்கென்று ஒரு மதிப்பு வளர்ந்ததில் அந்தப் படத்துக்குப் பெரிய பங்குண்டு. மொழியை மொழி தெரிந்தவரிடம் ஒப்படைத்துவிட்டுக் காட்சியைத் தம் பொறுப்பில் வைத்துக்கொண்டவர் டங்கன். தமிழ் தெரிந்த இயக்குநராக இருந்திருந்தால் இளங்கோவனுக்கு அவ்வளவு இடம் கிடைத்திருக்குமா என்பது என் சந்தேகம்.

1945இல் வந்த ‘மீரா’வைப் பாருங்கள். எம்.எஸ். சுப்புலட்சுமியின் முகத்துக்கு ஒளி அமைப்பதற்காக முதலில் பிளாஸ்டரில் அவருடைய மார்பளவுச் சிலை ஒன்றைச் செய்ய வைத்தார்கள். டங்கனும் ஒளிப்பதிவாளர் ஜித்தன் பானர்ஜியும் அந்தச் சிலைக்கு முன்னால் விளக்குகளை இடம் மாற்றி மாற்றி வைத்துப் பார்த்தார்கள். எந்தப் பக்கம் திரும்பினால் நிழல் எங்கே விழும் என்பது படப்பிடிப்புக்கு முன்பே தெரிந்துவிட்டது. பாட்டுக்காகவே ஜனங்கள் படம் பார்த்த காலத்தில் ஒரு முகத்துக்காக எடுத்துக்கொண்ட சிரத்தை இது!

1950இல் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸுக்காக இரண்டு படங்கள். பாரதிதாசன் காவியத்தைத் தழுவிய ‘பொன்முடி’யின் காதல் காட்சிகள் கண்டனத்துக்கு ஆளாயின. மு. கருணாநிதி வசனம் எழுதிய ‘மந்திரி குமாரி’ முடிவதற்குள் டங்கன் கிளம்பிவிட, நிறுவன அதிபர் டி.ஆர். சுந்தரம் அதை முடித்தார். டங்கன் எடுத்தது எது, சுந்தரம் எடுத்தது எது என்று காட்சி காட்சியாகப் பிரித்துப் பார்க்கும் கட்டுரை ஒன்று இங்கே வாசிக்கப்பட்டால் மனம் நிறைவேன்.

அமெரிக்கா திரும்பிய பிறகும் நம் காடுகளோடும் யானைகளோடும் அவருக்குத் தொடர்பு விடவில்லை. மாடர்ன் தியேட்டர்ஸ் கூட்டுறவில் 1952இல் வந்த ‘தி ஜங்கிள்’ படத்திலும் அவர் பங்குண்டு. யானைகளுக்கு ரோமம் ஒட்டி மாமத யானைகளாக நடக்கவிட்ட படம். இதையெல்லாம் ‘மீரா’வுக்குப் பிந்தைய சரிவு என்று ஒதுக்குவதை நான் ஏற்கவில்லை. கொடுத்த கதை எதுவானாலும் அதற்கு ஏற்ற கருவியைத் தேடிய அதே கைதான் இங்கேயும் வேலை செய்தது.

ஒரு வேண்டுகோள். ‘சதி லீலாவதி’யின் பிரதி கிடைத்ததாகத் தகவல் இல்லை. இப்படிப்பட்ட படங்களின் கதைச் சுருக்கமும் நடிகர் பட்டியலும் பாட்டுப் புத்தகங்களில்தான் மிஞ்சியிருக்கின்றன. பல்லாவரம், குரோம்பேட்டை, சேலையூர் பக்கத்துப் பழைய வீடுகளின் பரணில் அப்படி ஏதேனும் கிடந்தால் பழைய பேப்பர்காரரிடம் போட்டுவிடாதீர்கள். தரமணியில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இருக்கிறது. அங்கே கொண்டுபோய்க் கொடுங்கள்.

இளங்கோவன் வசனம் பற்றிய கட்டுரையோடு முதல் அமர்வு தொடங்குகிறது. கட்டுரையாளரை மேடைக்கு அழைக்கிறேன்.