ஆங்கிலத்தின் வழியே ஐரோப்பியச் சிற்றூர்

(இலக்கிய வட்டத்தின் கூட்டத்தில் நிகழ்த்தப்பெற்ற உரையின் எழுத்து வடிவம்)



ஐரோப்பியச் சிறுகதை என்றவுடன் பாரிசின் விருந்துக் கூடங்களும் பீட்டர்ஸ்பர்க்கின் அலுவலகங்களும் நினைவுக்கு வருதல் இயல்பு. ஆயினும் 19ஆம் நூற்றாண்டில் அச்சிறுகதை தன் வலிமையின் பெரும்பகுதியை வயல்வெளியிலும் மேய்ச்சல் நிலத்திலுமே தேடிக்கொண்டது. உழவன், இடையன், கல் உடைக்கும் சிறுவன் ஆகியோர் கதையின் ஓரத்திலிருந்து நடுவிடத்திற்கு வந்தனர். இவர்களைத் தமிழ் வாசகர் பெரும்பாலும் ஆங்கிலத்தின் வழியாகவே அறிந்தனர். எனவே ஒரு வினா எழுகின்றது. அச்சிற்றூர் மாந்தரின் குரலை ஆங்கிலம் கொண்டுவந்து சேர்த்ததா, அன்றித் தன் குரலை அவர்கள் வாயில் வைத்துப் பேசியதா? இவ்வினாவிற்கு மூன்று எழுத்தாளர்களின் படைப்புகள் விடை தருகின்றன.

பட்டுடுத்திய ஆயர்

ஐரோப்பாவில் ஆயர் இலக்கியம் மிகப் பழைமையானது. கிரேக்க மொழியில் லாங்கஸ் இயற்றிய ‘தாஃப்னிசும் குளோயியும்’ உரைநடையில் அமைந்த முல்லை நிலக் காதற்கதையாகும். லெஸ்போஸ் தீவில் ஆடு மேய்ப்போர் வளர்த்த இருவர் காதலிப்பதும், இறுதியில் அவர்கள் செல்வர் வீட்டுப் பிள்ளைகள் என்று தெரியவருவதும் அதன் கதை. காதலுக்குரியவர் இடையர் அல்லர், இடையர் வேடத்தில் இருந்த மேன்மக்களே என்பது இதன் உட்பொருள்.

இந்நூலை 1587இல் ஏஞ்சல் டே ஆங்கிலத்தில் தந்தார். ஆனால் அவர் கிரேக்க மூலத்தைக் கொண்டு மொழிபெயர்க்கவில்லை. 1559இல் ழாக் அமியோ செய்த பிரெஞ்சு மொழிபெயர்ப்பையே அடிப்படையாகக் கொண்டார். அத்துடன் அமையாமல், எலிசபெத் அரசியைப் புகழும் பகுதி ஒன்றையும் கதையினுள் சேர்த்தார். லெஸ்போஸ் தீவின் மேய்ச்சல் நிலத்தில் இங்கிலாந்தின் அரசிக்கு வாழ்த்துப் பாடப்பெற்றது. மொழிபெயர்ப்பின் மொழிபெயர்ப்பு, இடைச்செருகல், ஆட்சியாளரின் நிழல் ஆகிய மூன்றும் தொடக்கத்திலேயே வந்துவிட்டன. பின்னர் நிகழ்ந்தவற்றை விளங்கிக்கொள்ள இது நல்ல திறவுகோலாகும்.

பெயரில் மறைந்த வயல்

இடையர் வேடத்தைக் களைந்து உண்மை உழவரை நோக்கிச் சென்றவர்களுள் ஜார்ஜ் சாந்த் குறிப்பிடத்தக்கவர். பிரான்சின் பெரி வட்டாரத்திலுள்ள நோஆன் என்னும் ஊரில் வளர்ந்த இவ்வம்மையார், 1846இல் ‘பேய்க்குளம்’ என்னும் பொருள்படும் சிறு நாவலை வெளியிட்டார். மனைவியை இழந்த உழவன் ஒருவனும் ஏழைப் பெண் ஒருத்தியும் இரவில் வழி தவறிக் குளக்கரையில் தங்க நேர்வதே அதன் நிகழ்ச்சி. அடுத்து ‘ஃபிரான்சுவா ல ஷாம்பி’, ‘லா பெத்தித் ஃபதெத்’ ஆகிய கதைகள் வந்தன. பின்னது 1848ஆம் ஆண்டுப் புரட்சி தோற்றபின், அதில் பங்குகொண்டிருந்த அவர் சொந்த ஊருக்குத் திரும்பிய காலத்தில் எழுதப்பெற்றது.

சாந்தின் முதன்மையான சிக்கல் மொழியே. ‘ஃபிரான்சுவா’ கதையின் முன்னுரையில் அதனை ஓர் உரையாடலாகவே அமைத்துள்ளார். வலப்பக்கத்தில் பாரிஸ் நகரத்தார் ஒருவரும் இடப்பக்கத்தில் உழவர் ஒருவரும் அமர்ந்திருக்க, இருவர்க்கும் விளங்குமாறு கதை சொல்ல வேண்டும் என்பது அங்கு வகுக்கப்படும் நெறி. அக்கதையைச் சொல்பவர்கள் சணல் பதப்படுத்தும் தொழிலாளியும் பாதிரியார் வீட்டு முதிய பணிப்பெண்ணும் ஆவர்.

இந்நெறி ஆங்கிலத்தில் என்ன ஆயிற்று? ‘ஷாம்பி’ என்பது பெரி வட்டார வழக்கு. பிரெஞ்சில் வயலைக் குறிக்கும் சொல் அதனுள் ஒளிந்திருக்கின்றது. பெற்றோர் வயலில் விட்டுச் சென்ற குழந்தை என்பது அதன் பொருள். ஆங்கிலத்தில் அது ‘வெய்ஃப்’ ஆயிற்று. ஆதரவற்ற பிள்ளை என்ற செய்தி வந்து சேர்ந்தது. பிள்ளை கிடந்த வயல் வரவில்லை. ‘ஃபதெத்’ என்னும் பெயரிலும் அவ்வட்டாரத்துக் குறளிப்பேயின் பெயர் உண்டு. மூலிகை மருத்துவம் செய்யும் பாட்டியிடம் வளரும் அப்பெண்ணை ஊரார் ஐயத்தோடு நோக்குவதற்கு அப்பெயரே சான்று. அக்கதை ஆங்கிலத்தில் ‘சுவர்க்கோழி ஃபான்ஷோன்’ என்று பொருள்படும் தலைப்பிலும் வழங்கிற்று. சுவர்க்கோழி என்னும் பட்டப்பெயர் மூலத்திலும் உள்ளதுதான். ஆனால் அதனைத் தலைப்பாக்கியதும் ஊராரின் அச்சம் மறைந்து, செல்லப் பெயரின் இனிமையே எஞ்சியது.

போர்க்காலச் சான்றாக மாறிய கதை

சாந்துக்கு நேர்ந்தது சொல்லிழப்பு என்றால் துர்கனேவுக்கு நேர்ந்தது அதனினும் பெரிது. பண்ணையடிமைகளின் வாழ்வைக் கூறும் அவருடைய ‘வேட்டைக்காரனின் குறிப்புகள்’ 1852இல் ருஷ்ய மொழியில் நூலாயிற்று. அதனை அச்சிட இசைவளித்த தணிக்கை அதிகாரி பதவி இழந்தார். அந்நூலில் அடிமை முறையைக் கண்டிக்கும் சொற்பொழிவு எதுவும் இல்லை. ‘பேழின் புல்வெளி’ என்னும் கதையில் ஐந்து சிறுவர்கள் இரவில் குதிரை மேய்க்கின்றனர். நெருப்பருகே அமர்ந்து பேய்க்கதை பேசுகின்றனர். அவர்களுள் துணிவு மிக்க பாவேல் அவ்வாண்டே குதிரையிலிருந்து விழுந்து இறந்தான் என்று கதை முடிகின்றது. அடிமை என்ற சொல்லை வற்புறுத்தாமலே, அடிமையின் பிள்ளைக்கும் கற்பனையும் அச்சமும் வீரமும் உண்டென்று அக்கதை உணர்த்திவிடுகின்றது.

1854இல் எர்னஸ்ட் ஷாரியேர் இந்நூலைப் பிரெஞ்சில் வெளியிட்டார். தலைப்பு ‘ஒரு ருஷ்யப் பெருநிலக்கிழாரின் நினைவுக் குறிப்புகள்’ என மாறியது. மூலத்தில் இல்லாதவை சேர்ந்தன, உள்ளவை விடுபட்டன. துர்கனேவ் வெளிப்படையாகவே மறுப்புத் தெரிவித்தார். ஆயினும் அப்பிரெஞ்சு நூலிலிருந்தே ஆங்கில நூல் பிறந்தது. 1855இல் எடின்பரோவில் மெய்க்கிள்ஜான் வெளியிட்ட அதன் தலைப்பு ‘ருஷ்ய உள்நாட்டு வாழ்க்கை’ என்பதாகும். அது கிரிமியப் போர்க்காலம். பிரிட்டன் ருஷ்யாவோடு பொருதிக்கொண்டிருந்தது. ஏற்கெனவே 1854இல் ‘ஃபிரேசர்ஸ் மேகசின்’ இதன் பகுதிகளை ‘ருஷ்ய வாழ்வின் ஒளிப்படங்கள்’ என்ற பெயரில் வெளியிட்டிருந்தது. சிறுகதை பகைநாட்டைப் பற்றிய வாக்குமூலமாக மாற்றப்பட்டது. தன் நாட்டு மக்கள்பால் கொண்ட அன்பினால் எழுதியவரின் எழுத்து, அந்நாட்டுக்கு எதிரான சான்றாக வைக்கப்பெற்றது.

ருஷ்யாவில் பண்ணையடிமை முறை 1861இல் ஒழிந்தது. கான்ஸ்டன்ஸ் கார்னெட் அம்மையார் ருஷ்ய மூலத்திலிருந்து நேரே மொழிபெயர்த்த பதிப்பு 1895இல்தான் வந்தது. அவருடைய நடையில் எல்லா ருஷ்ய எழுத்தாளர்களும் ஒரே குரலில் பேசுவதாகக் குறை கூறுவோர் உண்டு. அக்குறையில் உண்மையும் உண்டு. எனினும் சிறுவர்கள் அஞ்சும் வீட்டுத் தெய்வத்தையும் நீர்மகளையும் ‘தொமவோய்’, ‘ருசால்கா’ என்று அவர்கள் வழங்கிய பெயராலேயே அவர் அழைத்தார். நாற்பது ஆண்டுகளுக்குப் பின் அச்சிறுவர்களின் அச்சம் அவர்களுக்கே திருப்பித் தரப்பட்டது.

ஊரே பேசும் கதை

இத்தாலிய எழுத்தாளர் ஜொவான்னி வெர்கா இன்னும் ஒரு படி மேலே சென்றார். 1880இல் வெளியான ‘வயல் வாழ்க்கை’ என்னும் தொகுப்பில் உள்ள ‘ரோசோ மல்பேலோ’ சிசிலித் தீவின் செம்மண் சுரங்கத்தில் உழைக்கும் செம்முடிச் சிறுவனின் கதை. அவன் கெட்டவன் என்பதால்தான் முடி சிவந்தது என்ற ஊராரின் நியாயத்தோடு கதை தொடங்குகின்றது. ஆசிரியர் குறுக்கிட்டு மறுப்பதில்லை. ஊரார் வாயாலேயே கதை முழுதும் நடக்கின்றது. மண்ணில் புதைந்து மாண்ட தந்தையின் காலணிகளை அவன் போற்றி வைத்திருப்பதையும், நோயுற்ற தோழனுக்காகத் தவிப்பதையும் அந்த இரக்கமற்ற குரலே சொல்கின்றது. குரலுக்கும் செயலுக்கும் இடையிலுள்ள வெளியில்தான் வாசகரின் கண்ணீர் பிறக்கின்றது. மொழிபெயர்ப்பாளர் அக்குரலைச் சற்றே மென்மையாக்கினாலும் கதை அழிந்துபோகும்.

வெர்காவை ஆங்கிலத்திற்குக் கொணர்ந்தவர்களுள் புகழ்பெற்றவர் டி. எச். லாரன்ஸ். சிசிலியில் வாழ்ந்த அவர், வெர்கா மறைந்த 1922ஆம் ஆண்டிலேயே ‘மாஸ்த்ரோ தொன் ஜெசுவால்தோ’ நாவலை மொழிபெயர்த்துக்கொண்டிருந்தார். கடற்பயணத்திலும், இலங்கையில் கண்டியில் தங்கியிருந்த வாரங்களிலும் அப்பணி தொடர்ந்தது. சிறுகதைகள் 1925இலும் 1928இலும் இரு தொகுப்புகளாக வெளிவந்தன. விரைவில் செய்த வேலை அது. பிழைகள் உள்ளன என்று பின்வந்தோர் சுட்டியுள்ளனர். ஆனால் நிலக்கரித் தொழிலாளியின் மகனாகப் பிறந்த லாரன்ஸ் அக்கரடுமுரடான பேச்சை இழைத்து மெருகேற்றவில்லை. சொல்லில் பிழைத்தாலும் குரலில் பிழைக்கவில்லை என்பதே அவரது சிறப்பு.

தமிழுக்கு வந்த வழி

க.நா.சுப்ரமண்யம் தமிழில் தந்த ‘நிலவளம்’ நார்வே நாட்டு நட் ஹாம்சனின் நாவல்; ‘மதகுரு’ சுவீடன் நாட்டு செல்மா லாகர்லெவின் படைப்பு. ஆங்கிலத்தின் வழி வந்த இவ்விரண்டும் தமிழ் வாசகர்க்கு ஐரோப்பியச் சிற்றூரை அணுக்கமாக்கின. இவ்வழியை இழிவாகக் கருதுதல் வேண்டா. ஏஞ்சல் டேயும் மெய்க்கிள்ஜானும் சென்றதும் அதே வழிதான். வழி குற்றமன்று; வழியில் யாருக்காக எது சேர்க்கப்பட்டது, எது கைவிடப்பட்டது என்பதை வினவாமையே குற்றம்.

ஆகவே மொழிபெயர்ப்பை மதிப்பிடும்போது பிழைகளை எண்ணுவது மட்டும் போதாது. வயலில் கிடந்த பிள்ளைக்கு அந்த வயல் எஞ்சியிருக்கின்றதா, குதிரை மேய்க்கும் சிறுவனின் தெய்வத்திற்குப் பெயர் இருக்கின்றதா, ஊராரின் கொடுஞ்சொல் கொடுஞ்சொல்லாகவே ஒலிக்கின்றதா என்று கேட்டல் வேண்டும். எழுத்தறியாத அம்மாந்தர் தம் கதையைத் தாமே எழுதிவைக்கவில்லை. அவர்கள் குரல் முதலில் எழுத்தாளரையும் பின்னர் மொழிபெயர்ப்பாளரையும் நம்பியே பயணம் புறப்பட்டது. அந்நம்பிக்கையைக் காப்பதே மொழிபெயர்ப்பாளரின் கடமை. காத்தாரா என்று ஆராய்வது வாசகரின் கடமை.