ஒரு குட்டி நாடும் அதன் பெண்களும்
(கூட்டமைப்பின் ஆண்டு விழாவில் பேசியது)



இன்னைக்கு கிழக்குத் திமோர் என்ற நாட்டைப் பத்திச் சொல்லப் போறேன். ஆஸ்திரேலியாவுக்கு வடக்கே, ஒரு தீவில் பாதிதான் அந்த நாடு. மொத்த ஜனமே சுமார் 13 லட்சம்.

ரொம்ப காலம் போர்ச்சுக்கீசியர் ஆண்ட இடம். 1975 நவம்பர் 28-ல் சுதந்திரம்னு அறிவிச்சாங்க. ஒன்பதே நாளில் இந்தோனேசிய ராணுவம் வந்து இறங்கியது. அடுத்த 24 வருஷத்தில் சண்டையிலும் பட்டினியிலும் ஒரு லட்சம் பேராவது செத்திருப்பாங்க.

அந்த வருஷம்தான் ரோசா போனபார்ட்டேயும் அவங்க தோழிகளும் பெண்களுக்குனு ஒரு சங்கம் ஆரம்பிச்சிருந்தாங்க. பெண்களுக்கு எழுதப் படிக்கச் சொல்லிக் கொடுத்தாங்க. நாடு விடுதலையானா மட்டும் போதாது, வீட்டுக்குள்ளேயும் பெண்ணுக்கு விடுதலை வேணும் என்பது அவங்க கொள்கை. ராணுவம் நுழைந்ததுமே தலைநகர் டிலியில் ரோசாவைக் கொன்னுட்டாங்க. ஆனா சங்கம் சாகலை. மலையில் இருந்த போராளிகளுக்குச் சாப்பாடு, மருந்து, கடிதம் எல்லாம் பெண்கள் உயிரைப் பணயம் வச்சு ரகசியமா கொண்டு போனாங்க.

1999 ஆகஸ்ட் 30-ல் ஐ.நா. சபை வாக்கெடுப்பு நடத்தியது. மிரட்டலுக்குப் பயப்படாம நூத்துக்கு 98 பேர் ஓட்டுப் போட்டாங்க. அதில் 78 பங்குக்கு மேல் விடுதலைக்கே. அதுக்குப் பழி வாங்க ஊர் ஊராத் தீ வச்சாங்க. ஆனாலும் 2002 மே 20-ல் சுதந்திரக் கொடி ஏறியது.

கதை இங்கே முடியலை. துப்பாக்கி தூக்கினவங்களுக்குத்தான் முதல் மரியாதை கிடைத்தது. சோறு சுமந்த பெண்கள் பலர் பேரு கணக்கிலேயே வரலை. அதனால பெண்கள் திரும்பவும் ஒண்ணு சேர்ந்து கேட்டாங்க. தேர்தலில் கட்சிகள் நிறுத்தும் வேட்பாளர்களில் மூணில் ஒருத்தர் பெண்ணா இருக்கணும்னு இப்போ சட்டம் இருக்கு. குடும்ப வன்முறைக்கு எதிரா 2010-ல் சட்டம் வந்தது.

நமக்கும் உள்ளாட்சியில் பாதி இடம் சட்டப்படி இருக்கு. ஆனா பேரு நம்ம பேரு, நாற்காலியில் உட்காருவது வீட்டுக்காரர்னா அது யார் பதவி? தீர்மான நோட்டில் நாம கையெழுத்து மட்டும் போட்டால் போதாது. படிச்சுப் பார்க்கணும், கேள்வி கேட்கணும், யார் என்ன செய்தாங்கன்னு பேரோட எழுதணும். எழுதாத உழைப்பை ஊரு மறந்துடும்.