வான் தீவும் வழிபாட்டுச் சங்கும்



குடமுழுக்கிற்குப் பின் மண்டல பூசை நிறைவுறும் நாளில் 108 அல்லது 1,008 சங்குகளில் தூநீர் நிரப்பி இறைவனுக்கு அபிஷேகம் புரிதல் மரபு. அச்சங்கிற்குப் பெயர்பெற்ற கடல், தூத்துக்குடிக்கும் இராமேசுவரத்துக்கும் இடைப்பட்ட மன்னார் வளைகுடா. பாண்டியரின் கொற்கையை உலகறியச் செய்த முத்தும் இக்கடற் பார்களில் விளைந்ததே. முத்துக்குளிப்பு 1961ஆம் ஆண்டோடு நின்றது. சங்குக்குளிப்பு இன்னும் நின்றபாடில்லை.

இவ்வளைகுடாவில் நிரையாக அமைந்த தீவுகள் 21. அவற்றுள் தூத்துக்குடியை அடுத்தவை வான், காசுவார், காரைச்சல்லி, விலங்குசல்லி என்னும் நான்கு. வ.உ.சி. துறைமுகத்துக்கு வடக்கே கிடக்கும் வான் தீவு, பவளப்பாறையின்மேல் அலை கொணர்ந்து குவித்த மணல்மேடேயாம். மக்கள் குடியிருப்பு அங்கு இல்லை. தாழ்ந்த புதரும் கடற்பறவையுமே உண்டு. அதன் செல்வமெல்லாம் நீருக்கடியில் உள்ளது. கடற்புற்பரப்பில் பேராமை மேயும். மீனவர் ஆவுளியா என வழங்கும் கடற்பசுவும் அப்புல்லை நாடி வரும். மணற்படுகையில் பாதி புதைந்து, புழுக்களை இரையாகக் கொண்டு வாழ்வது சங்கு. அலையின் வேகத்தைத் தன்மேல் தாங்கி இவ்வனைத்தையும் காத்து நின்றது பவளப்பாறை.

அப்பாறையைப் பல்லாண்டுகள் மனிதர் வெட்டினர். கடப்பாறையால் பெயர்த்து, வள்ளங்களில் ஏற்றிக் கரை சேர்த்த கல், சுண்ணாம்புக் காளவாய்க்கும் ஆலைகளுக்கும் சென்றது. சுண்ணாம்பின்றி அந்நாளில் மதிலும் இல்லை, மாளிகையும் இல்லை. வெட்டியவரோ வயிற்றுப்பாட்டிற்கு உழைத்த ஏழையர். ஆதலின் அவரைப் பழித்துப் பயனில்லை. ஆயினும் ஒரு பகலில் பெயர்த்த கல் வளர்வதற்குப் பல தலைமுறைகள் சென்றிருந்தன. காப்புச்சுவர் போனபின் அலை நேரே மணலைத் தாக்கிற்று.

1986இல் இத்தீவுகளும் சூழ்ந்த கடலும் தேசியப் பூங்காவாயின. அவ்வாண்டில் வான் தீவின் பரப்பு ஏறத்தாழ 16 ஹெக்டேர்; 2014 வாக்கில் எஞ்சியது 2 ஹெக்டேர் அளவே. விலங்குசல்லி முழுவதும் மூழ்கிற்று. கீழக்கரைப் பக்கத்துப் பூவரசன்பட்டித் தீவும் அவ்வாறே மறைந்தது. 2001இல் பவளங்கள் வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் இடம்பெற்றன. 2005 வாக்கில் கல் வெட்டுதல் நின்றது.

2015 முதல் வான் தீவின் எதிரே, துளைகள் அமைந்த சிமெண்டுக் கட்டிகள் 10,000க்கு மேல் கடலடியில் இறக்கப்பட்டன. சென்னை ஐ.ஐ.டி.யும் தூத்துக்குடியிலுள்ள சுகந்தி தேவதாசன் கடல் ஆராய்ச்சி நிறுவனமும் இப்பணியில் பங்கு கொண்டன. முன்பு கடலிலிருந்து கல்லைக் கரைக்குக் கொணர்ந்த ஊரார், இன்று கரையிலிருந்து கல்லைக் கடலுக்கு அனுப்புகின்றனர்! அலையின் வேகம் தணிந்தது. தீவின் தேய்வு குறைந்தது. மணல் மீண்டும் சேரலாயிற்று. கட்டிகளின் இடையே மீனினம் தங்க, அவற்றின்மேல் இளம்பவளமும் பற்றிப் படர்கிறது.

காரைச்சல்லிக்கு அத்துணைக் காலம் இல்லை. 1969இல் 20 ஹெக்டேருக்கு மேற்பட்டிருந்த அத்தீவில் 2018இல் எஞ்சியது ஏறத்தாழ 6 ஹெக்டேர். அதன் எதிரேயும் இவ்வகைக் கட்டிகளை இறக்கத் தமிழ்நாடு அரசு முனைந்துள்ளது.